பொறாமைக்கு ஒரு சுவர்: பெல்வெடர் மாளிகை, மல்லிங்கார்

அயர்லாந்தின் தலைநகர் டப்ளினிலிருந்து மேற்கே ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதலாகக் கார் ஓட்டினால் மல்லிங்கார், அதைத் தாண்டி என்னெல் ஏரிக்கரையில் இந்த மாளிகை. தோட்டத்துக்காகப் போகிறவர்கள்தான் அதிகம். என்னைக் கேட்டால் நேரே அந்தச் சுவருக்குப் போங்கள்.

கோயில் இடிபாடு மாதிரி கூர்முனை ஜன்னல்களோடு ஓங்கி நிற்கிறது. ஜன்னலுக்குள் எட்டிப் பார்த்தால் வானம்தான் தெரிகிறது, ஏனென்றால் அதற்குப் பின்னால் வீடே கிடையாது! இடிந்த மாதிரியே 1760 வாக்கில் புதிதாகக் கட்டிய பொய் இடிபாடு. கட்டியவர் முதலாம் பெல்வெடர் ஏர்ல் (ஏர்ல் என்பது ஒரு பிரபுப் பட்டம்), ராபர்ட் ராச்ஃபோர்ட். தம்பி ஜார்ஜ் பக்கத்திலேயே தன்னைவிடப் பெரிய மாளிகையோடு இருந்தது அவர் கண்ணை உறுத்தியது, மறைத்துவிட்டார். அந்தத் தம்பி வீடு பிற்காலத்தில் கூரை போய் நிஜமாகவே இடிந்தது, சுவர் மட்டும் அப்படியே நிற்கிறது.

இதாவது பரவாயில்லை. இன்னொரு தம்பி ஆர்தரோடு தொடர்பு என்று சொல்லி மனைவி மேரியை 1743-ல் கால்ஸ்டவுன் வீட்டில் அடைத்துவிட்டு, இவர் இங்கே ஏரியைப் பார்த்துக்கொண்டு விருந்து நடத்தியிருக்கிறார். 31 வருஷம். 1774-ல் அவர் செத்த பிறகுதான் அந்த அம்மா வெளியே வந்தார். ஆர்தர் அந்தத் தொடர்புக்காக அண்ணனுக்கு நஷ்டஈடு கட்ட முடியாமல் கடனாளிச் சிறையிலேயே முடிந்தார். இதையெல்லாம் தெரிந்துகொண்டு சாப்பாட்டு அறைக்குப் போய், சுதை மேகங்களுக்கு நடுவே கன்னம் உப்ப ஊதும் குட்டி தேவதைகளை அண்ணாந்து பார்த்தால் ஒரு மாதிரி இருக்கிறது. ஆனால் அந்த வேலைப்பாடு அற்புதம், அதையும் சொல்லியாக வேண்டும்.

அந்த ஏர்ல் பட்டம் என்ன ஆச்சு என்றால், 1756-ல் வந்தது, மகன் ஜார்ஜோடு 1814-ல் வாரிசில்லாமல் போய்விட்டது. மொத்தம் இரண்டே பேர். மகன் டப்ளினில் கட்டிய வீடுதான் இன்றைய பெல்வெடர் கல்லூரி, ஜேம்ஸ் ஜாய்ஸ் படித்த இடம்.

அப்புறம் இங்கே வாழ்ந்தவர்களில் ஹோவர்ட்-பெரியும் ஒருவர், 1921 எவரெஸ்ட் பயணக் குழுவின் தலைவர். மதில் சூழ்ந்த தோட்டத்தில் அவருடைய கைவண்ணம் உண்டு, அதற்குத் தனியாக அரை மணி ஒதுக்குங்கள். பழைய மரச்சாமான்களை எதிர்பார்த்துப் போகாதீர்கள், 1980-லேயே ஏலத்தில் போய்விட்டன. 1982 முதல் கவுன்ட்டி கவுன்சில், அதாவது உள்ளாட்சி மன்றம், பராமரிப்பு. ஏரிப் பக்கம் புல் எப்போதும் ஈரம், நல்ல ஷூ போட்டுக்கொள்ளுங்கள்.