நெதர் நிலத்தில் நான்கு ஆண்டுகள்

மைன்கிராஃப்ட் விளையாட்டிலுள்ள நெதர் என்ற பாழ்நிலத்துக்குள் நானும் அக்காவின் பிள்ளைகள் மூவரும் முதன்முதலாகக் கால் வைத்தது, 2021ஆம் ஆண்டு பாடசாலைகள் மூடிக் கிடந்த மாதங்களில். கிளிநொச்சியில் எங்கள் வீட்டு விறாந்தையில் இருந்தபடி, மூன்று தொலைபேசிகளையும் ஒரு டப்லெட்டையும் ஒரே வைஃபையில் இணைத்து விளையாடத் தொடங்கினோம். அந்த உலகம் என்னுடைய தொலைபேசியில் சேமிக்கப்பட்டிருந்தது. நான்கு ஆண்டுகளுக்கு மேலாகியும் அதே உலகத்தில்தான் விளையாடுகிறோம் என்பதால், ஓரிரு வாரம் விளையாடியவருக்குத் தெரியவராத சிலவற்றை எழுதலாம் என்று நினைக்கிறேன்.

நெதர் 2010ஆம் ஆண்டிலேயே விளையாட்டில் சேர்க்கப்பட்டுவிட்டது. அப்சிடியன் கல்லால் வாசல் கட்டித் தீ மூட்டினால் அதனூடாக உள்ளே போகலாம். அங்கே வாளியிலிருந்து ஊற்றும் தண்ணீர் உடனே ஆவியாகிவிடும். கட்டிலில் படுக்க முயன்றால் கட்டில் வெடிக்கும். திசைகாட்டியின் முள் நிற்காமல் சுழலும். எரிகுழம்பான லாவா, விளையாட்டின் வழக்கமான நிலமான மேலுலகத்தில் ஓடுவதைவிட வேகமாகவும் தூரமாகவும் ஓடும். தண்ணீரும் உறக்கமும் மறுக்கப்பட்ட நிலத்தைச் சபிக்கப்பட்டது என்று சொல்லாமல் வேறெப்படிச் சொல்வது? ஆவணியில் குளத்தின் அடிநிலம் பாளம் பாளமாக வெடித்துக் கிடப்பதைப் பார்த்து வளர்ந்த எங்கள் பிள்ளைகளுக்கு அந்த நிலம் விளங்கச் சிறிது நேரமே எடுத்தது.

அந்த நிலத்தைத் தேடிப் போகவைப்பது நெதரைட். 2020ஆம் ஆண்டு ஜூன் மாதப் புதுப்பிப்பில் வந்த இந்த உலோகம், வைரக் கருவிகளையும் கவசங்களையும் ஒரு படி உயர்த்துகிறது. வைரப் பிக்காசு 1,561 தடவை தாங்கும் என்றால், நெதரைட் பிக்காசு 2,031 தடவை தாங்கும். அதைவிடப் பெரிய பயன், நெதரைட் பொருள் தீயில் எரிவதில்லை, லாவாவில் மிதக்கும் என்பதுதான். முதல் மாதத்தில் மூத்த மருமகன் லாவாவில் விழுந்து வைரக் கவசம் முழுவதையும் இழந்தான். மறு ஆண்டு அதேபோல விழுந்தபோது அவனது நெதரைட் வாள் லாவாவின் மேல் மிதந்துகொண்டிருந்தது. ஐந்து நிமிடத்துக்குள் ஓடிப்போய் எடுத்துக்கொண்டான்.

ஆனால் இது எளிதில் கிடைப்பதில்லை. ஏன்ஷன்ட் டெப்ரி என்ற கட்டியை உருக்கி எடுக்கும் துகள் நான்குடன் தங்கக்கட்டி நான்கைச் சேர்த்தால்தான் ஒரு நெதரைட் கட்டி கிடைக்கும். நான்கு கவசத் துண்டுகளுக்கும் ஐந்து கருவிகளுக்குமாக ஒருவருக்கு 36 டெப்ரி தேவை. எங்கள் நால்வருக்கும் 144. இந்த விளையாட்டின் உலகமே சதுரக் கட்டைகளால் ஆனது; நீளமும் அகலமும் 16 கட்டைகளாக உள்ள ஒரு பரப்பை அடிமுதல் முடிவரை தோண்டினாலும் சராசரியாக இரண்டுகூடத் தேறாது. அதுவும் வெளியில் தெரியாமல், பாறைக்குள்ளேயே புதைந்திருக்கும்.

அதிகமாகக் கிடைப்பது ஒய் 15 என்ற மட்டத்தை ஒட்டி (ஒய் என்பது உயரத்தைக் காட்டும் எண்). லாவாக் கடலின் மேல்மட்டம் அதற்கும் மேலே இருப்பதால், தீ தாங்கும் மருந்து இல்லாமல் அங்கே தோண்டக் கூடாது. சாதாரண மருந்து மூன்று நிமிடமும், ரெட்ஸ்டோன் என்ற சிவப்புத் தூள் சேர்த்தது எட்டு நிமிடமும் நிற்கும். விரைவாகத் தோண்ட விரும்புவோர், கட்டிலை வேண்டுமென்றே வெடிக்கவைக்கிறார்கள். அந்த வெடிப்பு, டி.என்.டி. என்ற வெடிமருந்துக் கட்டையின் வெடிப்பைவிடப் பெரியது. சுற்றியுள்ள பாறை சிதறிவிடும், டெப்ரி மட்டும் அப்படியே நிற்கும். நாங்களும் சில நாட்கள் அப்படிச் செய்தோம். ஒரு மாலை, உள்ளே படுத்திருந்த அம்மா எழுந்து வந்து, "அந்தச் சத்தத்தை நிப்பாட்டு தம்பி" என்றார். 2009ஆம் ஆண்டின் முதல் மாதங்களைப் பதுங்குகுழிகளில் கழித்தவர் அவர். தொலைபேசியின் ஒலியைக் குறைத்தால் போதும் என்று நான் நினைத்தேன். ஆனால் மூத்தவன், "வேண்டாம் மாமா, கையாலேயே கிண்டுவம்" என்றான். அன்றிலிருந்து கட்டில் வெடியை விட்டுவிட்டு, இரண்டு கட்டை உயரத்தில் நீண்ட சுரங்கப்பாதை வெட்டி, இருபுறமும் கிளை பிரித்துத் தோண்டுகிறோம். நெதர் பாறை மென்மையானது என்பதால், கையால் தோண்டுவது பலர் பயமுறுத்தும் அளவுக்கு மெதுவானதல்ல. கட்டிலுக்கான கம்பளியைத் தேடி அலையும் நேரத்தையும் கணக்கில் சேர்த்தால், எங்கள் அனுபவத்தில் இரண்டுக்கும் பெரிய வித்தியாசம் இல்லை.

உண்மையான துன்பம் பங்கிடுவதில்தான் வந்தது. முதல் ஆண்டில் யார் கண்டெடுத்தாரோ அவருக்கே என்று விட்டிருந்தோம். அதிக நேரம் விளையாடிய மூத்தவன் கவசம் முழுவதையும் முடித்துவிட்டான். சின்ன மருமகளிடம் ஒரு துகள்கூட இருக்கவில்லை. இரண்டு கிழமை அவள் விளையாட வரவில்லை. இரணைமடுக் குளத்தின் கீழ் சிறுபோகம் தொடங்குமுன், குளத்தில் நிற்கும் நீரைப் பார்த்து எத்தனை ஏக்கர் விதைக்கலாம் என்று கூட்டம் கூடித் தீர்மானித்துப் பங்கு பிரிப்பார்கள். அந்த முறையையே பிள்ளைகளுக்குச் சொன்னேன். கிடைக்கும் டெப்ரி எல்லாம் ஒரே பெட்டிக்குள் போகும்; இருப்பதைப் பார்த்து, குறைவாக உள்ளவருக்கு முதலில் கொடுப்போம். அதற்குப் பிறகு இந்த விடயத்தில் ஒரு சண்டையும் வரவில்லை.

2023ஆம் ஆண்டு ஜூன் மாதப் புதுப்பிப்பு வேறொரு சிக்கலைக் கொண்டுவந்தது. இப்போது ஒவ்வொரு பொருளையும் உயர்த்த டெம்ப்ளேட் என்ற ஒரு வார்ப்புருவும் தேவை. முதல் டெம்ப்ளேட்டைப் பாஸ்டியன் என்ற பாழடைந்த கோட்டையில்தான் தேட வேண்டும். பிறகு நகலொன்றுக்கு ஏழு வைரம் போகும். பொறுமையாகத் தோண்டுபவருக்கு உரிய பலனைக் கோட்டைக்குள் புகுந்து எடுப்பவரின் கையில் கொடுக்கும் இந்த மாற்றம் எனக்கு இன்றும் பிடிக்கவில்லை. கோட்டையிலுள்ள பிக்லின்கள் என்ற பன்றிமுக உயிரிகள், தங்கத்தாலான ஒரு துண்டை நாம் அணிந்திருந்தால் சும்மா இருக்கும். பெட்டியைத் திறந்ததும் பாய்ந்துவிடும். எங்களுடைய முதல் டெம்ப்ளேட்டுக்காக நால்வரும் மாறி மாறி இறந்தோம். அதுவும் இப்போது பொதுப் பெட்டியில்தான் இருக்கிறது.

நெதரைட் தேவையில்லாதவரும் நெதருக்குள் ஒரு பாதை வெட்டி வைக்கலாம். அங்கே ஒரு கட்டை தூரம் நடப்பது மேலுலகில் எட்டுக் கட்டை தூரத்துக்குச் சமம் என்பதால், தொலைவிலுள்ள எங்கள் இரண்டாவது வீட்டுக்கு அந்த வழியால்தான் போய் வருகிறோம்.

மூத்தவன் இந்த ஆண்டு பரீட்சைக்குப் படிப்பதால் சனிக்கிழமைகளில் மட்டுமே வருகிறான். மருமகளுக்கு இன்னும் சப்பாத்து மட்டும் மிச்சம். பெட்டியில் மூன்று துகள்கள் இருக்கின்றன.