கூட்டுறவு வங்கி வேலைக்கு மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையம்: சேவை எப்படி?

ஆசிரியர் தேர்வு வாரியத்தையும் டிஆர்பி என்கிறோம், கூட்டுறவுத் துறையின் மாவட்ட ஆள்சேர்ப்பு நிலையத்தையும் டிஆர்பி என்கிறோம். தேடும்போதே பலர் வழிதவறுவது இதனால்தான். இங்கே பேசுவது இரண்டாவதைப் பற்றி: மத்தியக் கூட்டுறவு வங்கி, நகரக் கூட்டுறவு வங்கி, தொடக்க வேளாண்மைக் கடன் சங்கம் போன்றவற்றுக்கு உதவியாளர், எழுத்தர்களைத் தேர்ந்தெடுத்துத் தரும் சேவை.

இணைய விண்ணப்பம் சிக்கலில்லை. தொல்லை வேறு இடத்தில் இருக்கிறது. மாவட்டத்துக்கு ஒரு தளம், ஒரு அறிவிக்கை, ஒரு கட்டணம். 2023 அறிவிக்கையில் கட்டணம் 500 ரூபாய். பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், ஆதரவற்ற விதவைகளுக்கு 250. எந்த மாவட்டத்துக்கும் போடலாம் என்று மூன்று மாவட்டங்களுக்குக் கட்டினால் 1,500 ரூபாய் போகும். ஆனால் தேர்வு எல்லா மாவட்டத்துக்கும் ஒரே நாளில், 2023 டிசம்பர் 24 அன்று நடந்தது. மூன்றில் ஒன்றைத்தான் எழுத முடியும். காலியிடப் பட்டியலை இனச்சுழற்சியோடு (இடஒதுக்கீட்டுப் பிரிவுவாரியாக) பார்த்து ஒரே மாவட்டத்தை முடிவு செய்துவிட்டுப் பணம் கட்டுவதே புத்திசாலித்தனம்.

அடுத்த இடறல் கூட்டுறவுப் பயிற்சிச் சான்றிதழ். பட்டம் மட்டும் போதாது. கூட்டுறவைப் பாடமாகக் கொண்ட சில பட்டங்களுக்கு விலக்கு உண்டு; உங்கள் பட்டத்தின் பெயர் அறிவிக்கையில் எழுத்துப் பிசகாமல் இருக்கிறதா என்று பாருங்கள். "பி.காம் தானே" என்று விட்டுவிட்டால் சான்றிதழ் சரிபார்ப்பில் மாட்டிக்கொள்வீர்கள்.

எழுத்துத் தேர்வு 200 கொள்குறி வினாக்கள், 170 மதிப்பெண், மூன்று மணி நேரம். எழுத்துக்கும் நேர்முகத்துக்கும் 85:15. இதுவரை ஐந்துக்கு மூன்றரை கொடுக்கலாம்.

மதிப்பெண் குறைவது தேர்வானவருக்கு அடுத்து என்ன என்று சொல்லும் இடத்தில். நிலையம் தேர்வு செய்வதோடு சரி; நியமன ஆணை தருவது வங்கியோ சங்கமோதான். நீங்கள் அரசு ஊழியர் ஆவதில்லை. 1983 தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம், அதன் 1988 விதிகள், அந்த நிறுவனத்தின் பணியாளர் துணைவிதிகள், இவைதான் உங்கள் பணி நிபந்தனை. துணைவிதி நகலைச் சேர்ந்த வாரமே எழுத்தில் கேட்டு வாங்குங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் சங்கத்தையே நேரடியாகக் கேட்பது 2013 உச்ச நீதிமன்றத் தீர்ப்புக்குப் பிறகு பெரும்பாலும் எடுபடாது. கூட்டுறவுச் சங்கங்களின் பதிவாளர் சட்டப்படி சங்கத்திடம் கேட்டுப் பெறக்கூடிய தகவலென்றால், இணைப்பதிவாளர் அலுவலகத்துக்கு மனுப் போடலாம்.

இந்தச் சுற்றெல்லாம் வேண்டாம், சங்கச் செயலாளரிடம் பேசித் தினக்கூலியாக நுழைந்தால் பிறகு நிரந்தரமாகிவிடலாம் என்று சொல்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். நம்பாதீர்கள். இரண்டாண்டில் 480 நாள் வேலை செய்தவர்களை வரன்முறைப்படுத்த (நிரந்தரமாக்க) அரசு 2001 மார்ச் 12இல் அரசாணை 86ஐப் போட்டது. விதியை மீறிய நியமனத்தை அப்படி நேராக்க முடியாது என்று உமாராணி வழக்கில் 2004இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

பணியிலிருந்து தற்காலிகமாக நீக்கினால் பிழைப்பூதியம் உண்டு: முதல் 90 நாள் ஊதியத்தில் 50 விழுக்காடு, 180 நாள்வரை 75, அதன்பின் முழு ஊதியம். தாமதத்துக்கு நீங்களே காரணம் என்றால் உயர்வு கிடைக்காது. எனவே குற்றச்சாட்டுக் குறிப்பாணைக்குப் பதிலைக் கெடுவுக்குள் கொடுத்து, தேதி முத்திரையோடு ஒப்புகை வாங்குங்கள்.

பணிநீக்க ஆணை வந்தால் நேரே உயர் நீதிமன்றத்துக்கு ஓட வேண்டாம். சங்கத்துக்கு எதிரான ரிட் மனு சாதாரணமாக நிற்காது என்பது 2006 மாரப்பன் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு எடுத்த முடிவு. 1983 சட்டத்தின் பிரிவு 90இல் வரும் தாவாவும் (சங்கத் தகராறு வழக்கு) ஒழுங்கு நடவடிக்கைக்குப் பொருந்தாது. போகவேண்டியது அதே சட்டத்தின் பிரிவு 153இன் கீழ் சீராய்வு மனு; ஆணையின் நகல், விசாரணை அறிக்கை, உங்கள் விளக்கம் மூன்றையும் இணைத்து.