ஸ்டீரியோஸ்கோப்புடன் 15 ஆண்டுகள்: வான்படங்களில் நிலத்தைப் படித்த அனுபவம்

நிலவியல் வரைபடம் தயாரிக்கும் வேலையில் வான்வழிப் படங்களைப் பார்க்க என்னிடம் இரண்டு கருவிகள் உண்டு. இரண்டுமே ஸ்டீரியோஸ்கோப், அதாவது ஒரே இடத்தின் இரண்டு படங்களை இரு கண்களுக்கும் தனித்தனியே காட்டி மேடுபள்ளத்தை எழுப்பிக்காட்டும் கருவி. மேசையில் நிற்பது கண்ணாடி ஸ்டீரியோஸ்கோப். களத்துக்குப் பையில் போவது, கால்களை மடக்கிவைக்கும் சின்ன லென்ஸ் ஸ்டீரியோஸ்கோப். இரண்டும் 15 ஆண்டுகளாகக் கூடவே இருக்கின்றன. இடையில் மென்பொருளும் ட்ரோனும் வந்தன, அவற்றையும் பயன்படுத்துகிறேன். ஆனாலும் புதிதாக ஒரு பகுதியைத் தொடங்கும்போது முதலில் மேசைக் கருவியைத்தான் இழுத்து முன்னால் வைக்கிறேன்.

செங்குத்தாகக் கீழ்நோக்கி எடுத்த வழக்கமான வான்படம் 23 செ.மீ. சதுரம். விமானம் போகும் திசையில், அடுத்தடுத்த படங்கள் சுமார் 60 சதவீதம் ஒன்றின்மேல் ஒன்று படியும்படி எடுத்திருப்பார்கள். அதனால் ஒரே குன்று இரண்டு இடங்களிலிருந்து பார்த்தபடி இரண்டு படங்களில் கிடைக்கிறது. ஒன்றை இடக்கண்ணுக்கும் மற்றதை வலக்கண்ணுக்கும் காட்டினால் குன்று தாளிலிருந்து எழுந்து நிற்கும். இங்கிலாந்து விஞ்ஞானி சார்லஸ் வீட்ஸ்டன் 1838இல் விளக்கிய அமைப்பு இதேதான்.

படங்களைச் சரியாக வைக்கத் தொடக்கத்தில் எனக்கு அரைமணி நேரம் ஆகும். ஒவ்வொரு படத்தின் மையப்புள்ளியையும் குறித்து, அந்த இடத்தை அடுத்த படத்தில் தேடிக் குறித்து, நான்கு புள்ளிகளும் ஒரே கோட்டில் வரும்படி நகர்த்த வேண்டும். இப்போது இரண்டு நிமிடத்தில் முடிகிறது. முதல் மாதத்தில் ஒருநாள் இடம்வலம் மாற்றி வைத்துவிட்டேன். ஓடைகள் எல்லாம் மலைமுகட்டின்மேல் ஓடின. நிழல் நம்மை நோக்கி விழும்படி வைப்பது நல்லது என்பதை அன்றுதான் கற்றேன். நிழல் எதிர்ப்பக்கம் விழுந்தால், சரியாக வைத்த படத்தில்கூடப் பள்ளம் மேடாகத் தெரிய வாய்ப்புண்டு.

சரி, இனி முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். யாராவது என்னிடம் பழகக் கேட்டால், பாறையைத் தேடாதே, முதலில் தண்ணீர் போகும் வழியை வரை என்பேன். படத்தின்மேல் ஒளிபுகும் தாளை ஒட்டி, பேராற்றிலிருந்து மிகச் சிறிய வாய்க்கால் வரை ஒவ்வொன்றையும் நீலத்தில் வரைகிறேன். ஒரு ஜோடிப் படத்துக்கு ஒரு மணிநேரம்கூடப் போகும். அந்த நேரம் வீணானதே இல்லை. களிப்பாறை இருக்கும் இடத்தில் வாய்க்கால்கள் நெருக்கமாக, நரம்புபோல் பின்னிக்கிடக்கும். மணற்கல் தண்ணீரை உள்ளே விடுவதால் அங்கே ஓடைகள் குறைவு, இடைவெளி அதிகம். சுண்ணாம்புக்கல் வந்தால் ஓடை நடுவழியில் காணாமல்போகும், சுற்றிலும் வட்டக்குழிகள் தெரியும். கிரானைட்டில் ஓடை வெடிப்புகளைப் பிடித்துக்கொண்டு சட்டென்று திரும்பும். மென்பாறையும் வன்பாறையும் மாறிமாறிச் சாய்ந்திருந்தால் நீளமான ஓடைகள் இணையாகப் போக, குட்டையானவை பந்தல் கம்புகள்போல் குறுக்கே வந்து சேரும். வரைந்த தாளைப் படத்திலிருந்து பிரித்து வெறும் மேசையில் வைத்துப் பார்த்தால், பாறை எல்லைகளில் பாதி அந்த நீலக் கோடுகளிலேயே தெரிந்துவிடும்.

அடுத்துதான் பாறையடுக்குகள். சாய்ந்த அடுக்கு பள்ளத்தாக்கைக் கடக்கும்போது அம்புமுனைபோல் வளையும். அந்த முனை பெரும்பாலும் சாய்வுத் திசையைக் காட்டும். அடுக்கு ஓடை போகும் பக்கமே, ஓடையின் சரிவைவிட மெதுவாகச் சாய்ந்திருந்தால் மட்டும் முனை எதிர்ப்பக்கம் திரும்பிவிடும். செங்குத்தாக நிற்கும் அடுக்கோ டைக்கோ (வெடிப்பில் பாறைக்குழம்பு புகுந்து இறுகிய சுவர்போன்ற பாறை) மேடு பள்ளம் எதையும் பொருட்படுத்தாமல் நேர்கோடாகப் போகும்.

ஸ்டீரியோஸ்கோப் உயரத்தைக் கூட்டிக் காட்டும் என்பதை மறக்கவே கூடாது. நான் அதிகம் பயன்படுத்தும் படங்களில் இது ஏறத்தாழ 4 மடங்கு. 10 பாகைதான் சாய்ந்திருக்கும் அடுக்கு 35 பாகைபோல் தெரியும். தொடக்க ஆண்டுகளில் நான் எழுதிய சாய்வுகள் பலவற்றைக் களத்தில் போய் அளந்து குறைக்க வேண்டியிருந்தது. இப்போது படத்தைப் பார்த்துச் சாய்வுக்கு எண் போடுவதில்லை, மெல்லிய, நடுத்தர, செங்குத்தான என்று மட்டும் குறிக்கிறேன். அதே மிகைதான் தட்டையான நிலத்தில் வரம். ஒன்றிரண்டு மீட்டர் உயரமுள்ள ஆற்றுப் படித்திட்டும், ஆறு கைவிட்டுப்போன பழைய வளைவும், மலையடியில் ஓடை விசிறிபோல் பரப்பிய வண்டலின் விளிம்பும் களத்தில் நடந்தால் காலுக்குத் தெரியாது. படத்தில் பளிச்சென்று தெரியும்.

என்னை அதிகம் ஏமாற்றியவை நேர்கோடுகள். நீண்ட கருங்கோடு ஒன்றைப் பிளவுப்பெயர்ச்சி (பாறை உடைந்து இருபக்கமும் விலகிய இடம்) என்று நம்பி, அதை வைத்து அந்தப் பக்கத்து அமைப்பையே விளக்கினேன். நடந்து போய்ப் பார்த்தபோது அது பழைய வேலி. இரண்டு பக்கமும் மேய்ச்சல் வேறுபட்டதால் புல்லின் அடர்த்தி மாறியிருந்தது, அவ்வளவுதான். அதன்பிறகு ஒரு கோட்டுக்கு இரண்டாவது சாட்சி இல்லாமல் பெயர் வைப்பதில்லை. ஓடை அந்தக் கோட்டில் திரும்ப வேண்டும், அல்லது அடுக்கு அங்கே முறிந்து விலகியிருக்க வேண்டும், அல்லது மரங்கள் நீர் தேங்கியதுபோல் வரிசையாக நிற்க வேண்டும். சாம்பல் நிறத்தின் அடர்த்தியையும் தனியாக நம்பக்கூடாது. ஒரே மண் ஈரத்தில் கருமையாகவும் காய்ந்தால் வெளிர்ந்தும் இருக்கும்.

கருவியின் குறைகளையும் சொல்லிவிடுகிறேன். கண்ணாடி ஸ்டீரியோஸ்கோப்பில் வெள்ளிப்பூச்சு கண்ணாடியின் முன்பக்கம் இருப்பதால் விரல் பட்டாலே கறை, அழுத்தித் துடைத்தால் கீறல். என்னுடையதில் ஒரு மூலை நான்காம் ஆண்டிலேயே மங்கிவிட்டது. ஒன்றரை மணிநேரத்துக்குமேல் பார்த்தால் எனக்குத் தலைவலி வரும், அதனால் இடைவெளி விட்டே பார்க்கிறேன். சிலருக்கு இரண்டு படமும் சேர்வதே இல்லை. அது கண்ணின் இயல்பு, பயிற்சிக் குறைவு என்று அவர்களைக் கடிந்துகொள்வது தவறு. சின்னக் கருவியில் படங்கள் ஒன்றையொன்று மறைக்கும், மேல்படத்தின் ஓரத்தைத் தூக்கி வளைத்துத்தான் மிச்சத்தைப் பார்க்க முடியும். ஆனால் மழையோ வெயிலோ, பாறைமேல் உட்கார்ந்து பார்க்க அதைவிட வசதியானது எனக்குக் கிடைக்கவில்லை.

தாளில் வரைந்ததை அப்படியே வரைபடத்தில் ஒட்டவும் முடியாது. 152 மி.மீ. லென்ஸில் 1:20,000 அளவையில் படம் எடுக்க விமானம் 3,040 மீட்டர் உயரத்தில் பறக்க வேண்டும். அந்தப் படத்தில் மையத்திலிருந்து 80 மி.மீ. தள்ளித் தெரியும் 150 மீட்டர் குன்றின் உச்சி, வெளிப்பக்கமாக ஏறத்தாழ 4 மி.மீ. விலகியிருக்கும். தரையில் அது 80 மீட்டர் பிழை. இந்த இடத்தில் மென்பொருளுக்கு முழு மதிப்பெண் தருகிறேன். கேமராவின் சாய்வும் இந்த விலகலும் திருத்திய ஆர்த்தோ படத்தில் கோடுகளை மாற்றி வரைவதால், முன்பு நாள்கணக்கில் இழுத்த வேலை மிகவும் குறைந்துவிட்டது. அடர்காட்டில் லைடார் (மேலிருந்து லேசர் ஒளி அனுப்பி அளக்கும் முறை) காட்டும் தரையை எந்த ஸ்டீரியோஸ்கோப்பாலும் காட்ட முடியாது.

இருந்தாலும் பழைய அச்சுப்படங்களை நான் கழிப்பதில்லை. கட்டடம் எழுவதற்கு முன் அந்த நிலம் எப்படி இருந்தது என்பது அவற்றில்தான் இருக்கிறது. சென்ற ஆண்டு ஒரு சரிவில் வீடுகள் கட்டலாமா என்று கேட்டார்கள். புதிய படத்தில் எல்லாம் சமன்செய்த மனைகள். பல பத்தாண்டுகளுக்கு முந்தைய ஜோடியைக் கருவியின் கீழ் வைத்ததும், மேலே அரைவட்டமாக அறுந்த விளிம்பு, கீழே அலையலையாகப் புடைத்த மண், நடுவில் தேங்கிய சிறு குட்டை எனப் பழைய நிலச்சரிவு முழுதாகத் தெரிந்தது. துளையிட்டு மண்ணைச் சோதிக்கச் சொல்லி எழுதிக்கொடுத்தேன். எங்கெங்கே துளையிட வேண்டும் என்பதையும் அந்த ஜோடியின் மேல் ஒட்டிய தாளில்தான் குறித்தேன்.