கியூப் கணக்குக்கு மணல்: பாமன்கடைப் பக்கத்து ஹார்ட்வெயார் ஒன்று

சொன்ன நேரத்துக்கு டிப்பர் வருகிறது, ஒழுங்கை குறுகலானால் சின்ன லொறியும் அனுப்புகிறார்கள். சேவையில் குறையில்லை. அளவைத்தான் பார்த்து வாங்கவேண்டும்.

கொழும்பில் ஒரு கியூப் என்றால் 100 கன அடி, அதாவது சுமார் 2.83 கன மீற்றர். கொட்டுவதற்கு முன் டிப்பர் பெட்டியை உள்பக்கமாக அளவுங்கள். 10 அடி நீளம், 5 அடி அகலம், 2 அடி உயரத்துக்கு மட்டமாக மணல் இருந்தால் சரியாக ஒரு கியூப். மட்டம் 3 அங்குலம் இறங்கினாலே 12.5 கன அடி போய்விடும், எட்டில் ஒரு பங்கு! அங்குலத்தை 12ஆல் வகுத்து அடியாக்கிய பிறகே பெருக்குங்கள். பலர் பிழைவிடுவது இங்கேதான். நடுவில் குவித்து ஓரத்தில் தாழவிட்டிருந்தால் மண்வெட்டியால் பரவச் சொல்லுங்கள். இந்தக் கடைப் பொடியன்கள் முகம் சுளிக்காமல் செய்கிறார்கள்.

ஈர மணலில் இன்னொரு சிக்கல். லேசான ஈரம் மணிகளை விலக்கிவைப்பதால் மணல் உப்பிக் காட்டும். நேரான போத்தலில் 20 சென்ரிமீற்றர் மணல் போட்டு, தண்ணீர் ஊற்றிக் கலக்கிப் படியவிடுங்கள். 16க்கு இறங்கினால் உப்பல் 25 வீதம். அந்தளவுக்குக் காற்றுக்கும் காசு கொடுக்கிறீர்கள். மழைக்காலத்தில் இங்கே வரும் மணல் ஈரந்தான், விலையிலும் கழிப்பதில்லை.

முக்கால் அங்குலச் சல்லிக்கு இந்தத் தொல்லை கிடையாது, தயங்காமல் எடுக்கலாம்.