எட்டு விண்டருக்குப் பிறகு எங்கட வினைல் சைடிங்

2016 செப்டம்பர்ல கனடாவில, ரொறன்ரோ ஸ்கார்பரோ வீட்டுக்கு வினைல் சைடிங் (வெளிச்சுவரை மூடுற பிளாஸ்டிக் பலகை) போட்டனாங்கள். இப்ப எட்டு விண்டர் தாண்டிட்டுது, அது எப்பிடி இருக்குது எண்டு கனபேர் கேக்கிறபடியா விவரமா எழுதுறன்.

முந்தி இருந்தது பழைய அலுமினிய சைடிங். தொட்டா கையில சுண்ணாம்பு மாதிரி வெள்ளையா ஒட்டும், ஆலங்கட்டி மழை அடிச்ச பக்கமெல்லாம் பள்ளம் பள்ளமா இருக்கும். வேலைக்கு வந்தவர் "கழட்டத் தேவையில்லை அண்ணை, மேலயே ஃபோம் போட் (குளிர் தடுக்கிற நுரைத் தட்டு) அடிச்சு மூடலாம், செலவும் குறையும்" எண்டார். எனக்கு மனம் ஒப்பேல்ல, மூண்டு பக்கம் கழட்டச் சொன்னன், காசு பத்தாததால வடக்குப் பக்கம் மட்டும் மூட விட்டன்.

கழட்டினா, மேற்குப் பக்க ஜன்னலுக்குக் கீழ சுவர் மரப்பலகை கையால பிய்க்கப் பிய்க்க வருது! ஃபிளாஷிங் (தண்ணியை வெளியால திருப்புற தகடு) இல்லாம மழைத்தண்ணி வருசக்கணக்கா உள்ளுக்க இறங்கியிருக்கு, வெளியில பாக்க ஒண்டும் தெரியேல்ல. பலகை மாத்தி, ஜன்னலைச் சுத்தி டேப் ஒட்டி, டைவெக் (ஈரம் உள்ளுக்க போகாம தடுக்கிற உறை) சுத்தி, ஒரு இஞ்ச் ஃபோம் போட் வச்சு அதுக்கு மேல வினைல். மகன்ர அறைச் சுவர் இப்ப விண்டர்ல முந்தின மாதிரி சில்லிடுறேல்ல.

முதல் கோடையிலயே தெற்குப் பக்கம் அலை அலையா நெளிஞ்சுது, இரவில டக் டக் எண்டு சத்தம். ஆணியை இறுக்கி அடிச்சிருக்கினம். 12 அடி வினைல் பலகை சூட்டுக்கும் குளிருக்கும் அரை இஞ்ச் மட்டில நீண்டு சுருங்கும், அதால ஆணி, பலகையில இருக்கிற நீள ஓட்டையின்ர நடுவில இருக்கோணும், ஆணித் தலைக்கும் பலகைக்கும் இடையில பத்துச் சத நாணயத் தடிப்புக்கு இடம் விடோணும். ஸிப் டூலால (பலகையின்ர பூட்டை விடுவிக்கிற கொக்கி) கழட்டி திரும்ப அடிச்சபிறகு சத்தமே இல்லை. வேலை நடக்கேக்க பக்கத்தில நிண்டு பலகையைத் தள்ளிப் பாருங்கோ, இடமும் வலமும் அசைய வேணும்.

2021ல பக்கத்து வீட்டுக்காரர் லோ-ஈ (வெப்பத்தைத் திருப்பி அனுப்புற பூச்சுள்ள) கண்ணாடி ஜன்னல் போட்டார், பின்னேர வெயில் அதில பட்டுத் தெறிச்சு எங்கட ரெண்டு பலகை உருகி வளைஞ்சிட்டுது. புதுப் பலகை நிறம் ஒத்துவரேல்ல, பழசு வெயிலுக்கு மங்கிட்டுது. ஷெட்டுக்குப் பின்னால இருந்த ரெண்டைக் கழட்டி இங்க போட்டு, புதுசை அங்க போட்டன். அவரும் நல்ல மனுசன், கேட்டவுடன வெளியால வலை போட்டார், பிறகு பிரச்சினையில்லை.

கழட்டாம மூடின அந்த வடக்குப் பக்கம்தான் மனசை அரிக்குது. இந்தமுறை பனி உருகேக்க உள்சுவர்ல ஜன்னல் மூலையில மண்ணிறக் கறை. வாற மாசம் முழுக்கக் கழட்டப் போறம்.