நீதிமன்ற ஊழியர் பதவி உயர்வு: சீனியாரிட்டியா, மெரிட்டா?

மாவட்ட நீதிமன்றத்தில் ஊழியர்களின் பதவி உயர்வுப் பட்டியல், அதாவது பேனல், தயாராகிறது என்று தெரிந்தாலே போதும், டீக்கடையில் பேச்சு இரண்டாகப் பிரிந்துவிடும். இருபது வருஷம் காத்திருந்தவருக்குத்தானே முதலில் என்பார் ஒருவர். வேலை தெரிந்தவரை உட்கார வையுங்கள் என்பார் இன்னொருவர்.

முதலில் ஒரு குழப்பம். 'பணிமூப்பும் தகுதியும்', 'தகுதியும் பணிமூப்பும்' இரண்டும் ஒன்றென்றே பலர் நினைக்கிறார்கள். முதலாவதில் குறைந்தபட்சத் தகுதி இருந்தால் போதும், அப்புறம் ஜூனியர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் சீனியருக்குத்தான் இடம். 1998இல் கிராமிய வங்கிப் பதவி உயர்வு பற்றிய சிவய்யா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது. இரண்டாவதில் திறமைதான் முன்னால் நிற்கும், ஏறக்குறைய சமம் என்றால்தான் பணிமூப்பைப் பார்ப்பார்கள்.

சீனியாரிட்டியின் அருமையை நான் ஒரு சிரஸ்தாரின் (நீதிமன்ற அலுவலகத்தின் மூத்த அலுவலர்) மேஜை முன்னால் நின்று தெரிந்துகொண்டேன். வழக்கு மனுவான பிராதை வாங்கியவர் முதல் பக்கத்தைப் பார்க்கவே இல்லை, நேராகக் கடைசியில் இருக்கும் சொத்து விவரத்துக்குப் போய் எல்லைகளை விரல் வைத்துப் படித்தார். "தம்பி, உள்ளே உட்பிரிவு 2ஏ, இங்கே 2பி போட்டிருக்கு, வக்கீல்கிட்ட காட்டித் திருத்திட்டு வாங்க" என்றார். அது அப்படியே வழக்கு எண் பெற்று, தீர்ப்பின்படி டிக்ரியும் ஆகியிருந்தால், பல வருஷம் கழித்து நீதிமன்ற ஊழியரான அமீனா சொத்தைச் சுவாதீனம் எடுக்கப் போகும் அன்றைக்குத்தான் வெளியே வந்திருக்கும்.

ஆனால் வருஷம் ஓடினாலே இந்தக் கண் வந்துவிடாது. பதிவறையிலேயே காலத்தைக் கழித்துவிட்டு ஒரு நாள் தலைமை எழுத்தராக வந்து உட்காருபவருக்கு வாய்தா தேதியைக் கம்ப்யூட்டரில் ஏற்றத் தெரியாது, பக்கத்து சீட்டில் இருப்பவரிடம் துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுப்பார். தேதி தப்பாக ஏறினால் கிராமத்திலிருந்து இரண்டு பஸ் மாறி வந்த கட்சிக்காரர் வாசலில் நிற்பார். நீதிமன்றங்களைக் கணினிமயமாக்கும் இ-கோர்ட்ஸ் திட்டத்தின் மூன்றாம் கட்டத்துக்கு 2023இல் மத்திய அரசு 7,210 கோடி ரூபாய் ஒப்புதல் கொடுத்தது. அந்தக் கருவிகளுக்கு முன்னால் யார் உட்காருகிறார் என்பதைப் பணத்தால் தீர்க்க முடியாது.

சரி, அப்படியானால் மெரிட்? அதை யார் அளப்பது என்பதில்தான் எல்லாம் சிக்குகிறது. கையில் இருப்பது பெரும்பாலும் ஊழியரின் வேலையை மதிப்பிட்டு நீதிபதி எழுதும் மந்தண (ரகசிய) அறிக்கை. எழுதும் நீதிபதி சில வருஷத்தில் மாறிப் போய்விடுவார், தினமும் அவர் கண்ணில் படுபவர் பெஞ்ச் கிளார்க், பதிவறைக்காரரின் முகம்கூட அவருக்குத் தெரியாது. குறிப்பு எதுவானாலும் ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2008இல் தேவ் தத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, நல்ல தீர்ப்பு. ஆனால் தெரிவித்துவிட்டதாலேயே அறிக்கை நியாயமானதாக ஆகிவிடாது. சீனியாரிட்டிப் பட்டியலிலோ தேதி எல்லோர் கண்ணுக்கும் தெரியும், சிபாரிசு நுழைய இடம் குறைவு. அதனால் என் ஓட்டு சீனியாரிட்டிக்குத்தான்.

ஒரே ஒரு மாற்றம் வேண்டும். துறைத் தேர்வு பாஸ், 17பி எனப்படும் ஒழுங்கு நடவடிக்கை நிலுவையில் இல்லை என்பதோடு நிறுத்தாமல் அரை நாள் செய்முறைத் தேர்வு ஒன்று வையுங்கள். தவறுகள் உள்ள பழைய பிராது ஒன்றைக் கொடுத்து, கோர்ட் கட்டணம், காலவரம்பு, சொத்து விவரம் மூன்றையும் பார்க்கச் சொல்லுங்கள், பத்து வழக்கை கம்ப்யூட்டரில் ஏற்றச் சொல்லுங்கள். பெயரை மறைத்து வேறு மாவட்டத்தில் திருத்தட்டும். பாஸ், பெயில் மட்டும், ரேங்க் கிடையாது, எனவே மார்க்கை வைத்து யாரும் யாரையும் தாண்ட முடியாது. பெயிலானவருக்கு ஆறு மாதத்தில் இன்னொரு வாய்ப்பு, அதிலும் தேறவில்லை என்றால் பட்டியலில் அடுத்தவர்.