சென்னையில் உதவியாளரா, தருமபுரியில் தனிக் கேமராவா?

ஒளிப்பதிவும் இயக்கமும் சேர்த்துச் செய்ய நினைக்கும் தருமபுரி, கிருஷ்ணகிரிப் பிள்ளைகளுக்கு இரண்டு வழி. ஒன்று, சென்னைக்குப் போய் ஒளிப்பதிவாளரிடம் உதவியாளராகச் சேர்வது. பெரிய விளக்குகள், நல்ல லென்ஸ், தொழில் தெரிந்தவர்களின் பழக்கம் எல்லாம் அங்கேதான். ஆனால் சொந்தமாக ஒரு ஷாட் வைக்கும் வாய்ப்பு வருவதற்குள் வருடங்கள் ஓடிவிடும்.

இன்னொன்று, ஊரிலேயே கல்யாண வீடியோவில் பிழைப்பை ஓட்டிக்கொண்டு ஆவணப்படம் எடுப்பது. ஒகேனக்கல்லில் உச்சி வெயிலில் கேமராவை வைத்துப் பாருங்கள். கரும்பாறைக்கு ஏற்றபடி எக்ஸ்போஷர், அதாவது கேமராவுக்குள் விடும் ஒளியின் அளவை, வைத்தால் அருவி வெறும் வெள்ளையாகிவிடும். அருவிக்கு வைத்தால் பரிசல்காரர் முகம் இருண்டுவிடும். எதை விட்டுக்கொடுப்பது என்று நீங்களேதான் முடிவெடுக்க வேண்டும். உதவியாளருக்கு அந்தப் பாடம் சீக்கிரம் கிடைக்காது. சரி, ஒலியும் எடிட்டிங்கும்கூட உங்கள் தலையில்தான் விழும். பாலு மகேந்திரா ஒளிப்பதிவு, இயக்கம், படத்தொகுப்பு மூன்றையும் செய்தவர். அவரும் புனே திரைப்படக் கல்லூரியில் முறையாகப் படித்துவிட்டுத்தான் வந்தார்.

என்னைக் கேட்டால், இங்கே நம் நடுகற்களைப் பற்றியாவது ஒரு சின்னப் படத்தை முடித்துவிட்டு, அப்புறம் சென்னைக்குப் பஸ் ஏறுங்கள். அங்கே வாய்ப்புக் கேட்கும்போது போட்டுக் காட்ட அது உதவும்.